கமோட் சேர்: உட்காருபவர் பக்கமிருந்து ஒரு மதிப்பீடு

பக்கவாதம் வந்தவரோ இடுப்பெலும்பு முறிந்தவரோ ஆஸ்பத்திரியிலிருந்து வீடு திரும்பும் அன்று, வழியில் மருந்துக்கடையில் வண்டியை நிறுத்தி வாங்கும் முதல் பொருள் பெரும்பாலும் டயப்பர் பொட்டலம்தான். உண்மையில் கடைசியாக வாங்க வேண்டியது அது. சிறுநீரோ மலமோ வருவது தெரிந்து, வாய்விட்டுச் சொல்ல முடிந்து, சாய்ந்தாவது பத்து நிமிடம் உட்கார முடிகிறவருக்கு முதலில் தேவை கமோட் சேர், அதாவது உட்காரும் இடத்தில் துளையும் அடியில் பக்கெட்டும் வைத்த நாற்காலி.

சர்ஜிக்கல் கடைகளில் மூன்று வகை கிடைக்கும். எவ்வளவு எடை தாங்கும், மடங்குமா, என்ன விலை என்று கடைக்காரர் சொல்லிவிடுவார். அவர் சொல்லாத இரண்டு விஷயங்கள் உண்டு. உட்காருபவர் தானாகவே எவ்வளவு செய்துகொள்ள முடியும்? எவ்வளவு நேரம் இன்னொருவர் முன்னால் துணி விலகிக் கிடக்க நேரும்? இந்த இரண்டையும் வைத்துத்தான் இங்கே நல்லது, வேண்டாதது என்று பிரித்திருக்கிறோம்.

முதல் வகை சக்கரம் இல்லாத நாலு கால் சேர். கட்டிலுக்குப் பக்கத்தில் போட்டு, கீழே பக்கெட்டை மாட்டிப் பயன்படுத்துவது. எழுந்து நின்று இரண்டு எட்டு வைக்க முடிகிறவருக்கு இதுவே போதும். இரவில் நாலைந்து முறை எழுந்திருப்பவர்களுக்கும் ஏற்றது. இதன் பலவீனம் கைப்பிடியில் இருக்கிறது. எழும்போது ஒரு பக்கக் கைப்பிடியில் மட்டும் முழு பாரத்தையும் கொடுத்தால் மலிவான மாடல்கள் அந்தப் பக்கம் சாயும். பக்கவாதம் வந்தவர் ஒரு கையால்தான் ஊன்றுவார் என்பதால் இதைக் கடையிலேயே சோதித்துவிட வேண்டும். நீங்களே உட்கார்ந்து, ஒரே கைப்பிடியை அழுத்தி எழுந்து பாருங்கள். எதிர்ப்பக்கக் கால் தரையை விட்டு எழும்பினால் அந்த மாடல் வேண்டாம்.

இரண்டாவது, சின்னச் சக்கரங்கள் வைத்தது. கட்டிலருகே உட்கார வைத்து, அப்படியே தள்ளிக்கொண்டு போய், பக்கெட்டைக் கழற்றிவிட்டு வெஸ்டர்ன் டாய்லெட்டின் மேலேயே நிறுத்தலாம். காரியம் முடிந்ததும் அதிலேயே குளிப்பாட்டலாம். வீட்டில் வெஸ்டர்ன் டாய்லெட்டும் போதுமான அகலத்தில் கதவும் இருந்தால் நம் ஓட்டு இதற்குத்தான். கதவைச் சாத்திக்கொண்டு கழிப்பறையிலேயே போகலாம் என்பதற்கு ஈடாக எந்தப் பொருளையும் சொல்ல முடியாது.

மூன்றாவது, வீல்சேரும் கமோடும் சேர்ந்தது. உட்காரும் பலகையின் நடுவே துளை, அதை மூட ஒரு குஷன், அடியில் பக்கெட். ஒரே செலவில் இரண்டு வேலை என்று சொல்லி விற்பார்கள். காலையில் மலம் கழித்த அதே இருக்கையில் குஷனைப் பொருத்தி, மத்தியானம் சாப்பாட்டுத் தட்டை நீட்டினால் யாருக்குச் சோறு இறங்கும்? துளையின் விளிம்பு உறுத்துவதால் நாள் முழுக்க உட்கார்ந்திருக்கவும் அது ஏற்றதல்ல. பெரிய சக்கரங்கள் இருப்பதால் அகலமும் அதிகம், பல குளியலறைக் கதவுகளில் நுழையாது. இடமே இல்லாத வீட்டுக்கும் வெளியூர்ப் பயணத்துக்கும் மட்டும் இதைச் சொல்லலாம். மற்றவர்கள் சாதாரண வீல்சேர் ஒன்றும் தனிக் கமோட் சேர் ஒன்றும் வாங்குவதே மேல்.

வாங்குமுன் வீட்டில் எடுக்க வேண்டிய அளவுகளைப் பார்ப்போம். குளியலறைக் கதவைத் திறந்து வைத்துவிட்டு, மிச்சமிருக்கும் வழியை அளக்க வேண்டும். நிலையின் அகலத்தை அளந்தால் ஏமாந்துபோவீர்கள், ஏனென்றால் திறந்த கதவே ஒன்றரை அங்குலம் வரை இடத்தை எடுத்துக்கொள்ளும். பழைய வீடுகளிலும் பல அபார்ட்மென்ட்களிலும் குளியலறைக் கதவு இரண்டு அல்லது இரண்டரை அடிதான் இருக்கும். சேரின் வெளி அகலம் இந்த வழியைவிடக் குறைந்தது இரண்டு அங்குலம் குறைவாக இருக்க வேண்டும். இல்லையென்றால் கைப்பிடியில் இருக்கும் கை நிலையில் இடித்துத் தோல் உரியும்.

அடுத்தது வாசலில் இருக்கும் மேடு. தண்ணீர் வெளியே வராமல் இருக்க இரண்டு மூன்று அங்குலம் கட்டியிருப்பார்கள். சின்னச் சக்கரத்தை முன்பக்கமாகத் தள்ளினால் அங்கே முட்டி நிற்கும், உட்கார்ந்திருப்பவர் முன்னால் சரிவார். சேரைத் திருப்பிப் பின்பக்கமாக இழுத்துத்தான் ஏற்ற வேண்டும், இறக்குவதும் அப்படியே. சரிவுப் பலகை போடுவதானால் ஒரு அங்குல உயரத்துக்குப் பன்னிரண்டு அங்குல நீளம் என்பது கணக்கு. மூன்று அங்குல மேட்டுக்கு மூன்றடிப் பலகை வேண்டும். ஒரு அடிப் பலகையைச் சாய்த்து வைத்துவிட்டு ஆளோடு சேரைத் தள்ளுவது வம்பை விலைக்கு வாங்குவது.

டாய்லெட் பீங்கானின் உயரத்தை, அதன் மூடியையும் வளையத்தையும் தூக்கி வைத்துவிட்டு, தரையிலிருந்து அளந்துகொள்ளுங்கள். சேரின் அடிச்சட்டம் அதைவிட உயரமாக இருந்தால்தான் மேலே நகர்ந்து உட்காரும். பின்கால்களுக்கு நடுவே குறுக்குக் கம்பி உள்ள மாடல் பீங்கானில் இடித்துப் பாதியிலேயே நின்றுவிடும். இதைப் பார்க்காமல் வாங்கியவர்கள்தான் டாய்லெட்டுக்கு முன்னால் சேரை நிறுத்தி, கடைசி வரை பக்கெட்டிலேயே காலம் தள்ளுகிறார்கள். இந்திய முறைக் கழிப்பறையின் மேல் சக்கரச் சேர் வேலைக்காகாது. கால் வைக்கும் மேடுகள் சக்கரத்தைத் தடுக்கும், அவ்வளவு உயரத்திலிருந்து விழுந்தால் தெறிக்கவும் செய்யும். அப்படிப்பட்ட வீட்டில் நாலு கால் சேரும் பக்கெட்டும்தான் வழி.

இருக்கையின் உயரத்துக்கு அளவு உட்காருபவரின் கால். குதிகாலிலிருந்து முழங்கால் மடிப்பு வரை எவ்வளவோ அவ்வளவு. எழுந்திருக்கச் சிரமப்படுகிறவருக்கு ஒரு அங்குலம் கூட்டலாம். அதற்கு மேல் போனால் பாதம் தரையில் படாமல் தொங்கும். கால் ஊன்றாமல் முக்க முடியாது, தொடையும் மரத்துப்போகும். டாய்லெட்டுக்கு ஏற்ற உயரம் வைத்ததில் கால் எட்டவில்லையென்றால் பாதத்துக்கு அடியில் வழுக்காத ஒரு பலகை போடுங்கள், எழும்போது அதை மறக்காமல் எடுத்துவிடுங்கள். உயரத்தை மாற்றும் கால்களில் பித்தான் துளைக்கு வெளியே முழுதாகத் துருத்தி நிற்கிறதா, நாலு காலும் ஒரே துளையில் இருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் ஆளை உட்கார வைக்க வேண்டும். பாதி மாட்டிய பித்தான் பாரம் ஏறியதும் உள்ளே போய்விடும்.

இனி, விளம்பரப் படங்களில் தெரியாத விஷயம்: கழுவுவது. காகிதத்தால் துடைத்துக்கொள்ளும் நாட்டுக்காரர்களுக்காக வடிவமைத்த இருக்கைகளில் நடுவே வட்டத் துளை மட்டும் இருக்கும். கையும் தண்ணீரும் உள்ளே போக வழியில்லை. நமக்கு வேண்டியது ஒரு பக்கம் வெட்டி விட்ட, குதிரை லாட வடிவத்து இருக்கை. முன்பக்கம் திறந்திருந்தால் உட்காருபவர் தானே கழுவிக்கொள்ளலாம். பின்பக்கம் திறந்திருந்தால் உதவுபவர் பின்னால் நின்று கழுவிவிடலாம், முகத்துக்கு முகம் பார்க்க வேண்டியதில்லை. எந்தக் கை, எந்தப் பக்கம் வளையும் என்று உட்காருபவரையே கேட்டுத் தேர்ந்தெடுங்கள்.

இடது பக்கம் செயலிழந்தவர்களுக்கு இன்னொரு சங்கடம் உண்டு, பலர் வாய் திறந்து சொல்ல மாட்டார்கள். கழுவுகிற கை போய்விட்டது, சாப்பிடுகிற கையால் கழுவ மனசு வரவில்லை. அதனால் அடக்கிக்கொண்டு நாள் கடத்துவார்கள், அது மலச்சிக்கலில் கொண்டு விடும். இதற்கு எளிய தீர்வு ஹெல்த் பாசெட், கையில் பிடித்துத் தண்ணீர் பீய்ச்சும் குழாய். குழாயை வலது பக்கச் சுவருக்கு மாற்றி, உட்கார்ந்த இடத்திலிருந்து எட்டும் உயரத்தில் மாட்டினால் கை படாமல் பீய்ச்சிக் கழுவலாம். மிச்சத்துக்கு ஒரு கையுறை. ஒரு பிளம்பருக்கு அரை நாள் வேலைகூட இருக்காது. மருமகள் கையை எதிர்பார்த்துக் கூனிக் குறுகி உட்கார்ந்திருக்கும் மாமனாருக்கு இந்தக் குழாய் செய்யும் உபகாரம் பெரிது. பெண்களுக்கு யார் கழுவிவிட்டாலும் முன்னிருந்து பின்னாகத்தான் கழுவ வேண்டும், மாற்றிச் செய்தால் சிறுநீர்த் தொற்று வரும்.

பக்கெட் எந்தப் பக்கம் வெளியே வருகிறது என்பதும் முக்கியம். முன்பக்கமாக உருவும் மாடலில், உட்கார்ந்திருப்பவரின் கால்களுக்கு நடுவே கையை விட வேண்டும். பின்பக்கமாகவோ பக்கவாட்டிலோ இழுக்கும் மாடலே நல்லது. மூடி கட்டாயம் வேண்டும். உபயோகிக்கும் முன் பக்கெட்டில் ஒரு அங்குலம் தண்ணீர் ஊற்றி வையுங்கள். ஒட்டாது, வாடை குறையும், சத்தமும் அவ்வளவாகக் கேட்காது. அடுத்த அறையில் விருந்தாளி இருக்கும்போது அந்தச் சத்தத்துக்குப் பயந்தே போகாமல் இருப்பவர்கள் உண்டு. முடிந்ததும் மூடியைப் போட்டு உடனே எடுத்துப் போக வேண்டும், மூக்கைச் சுளிக்காமல். கழுவும்போது பிளீச்சிங் பவுடரையும் டாய்லெட் ஆசிட்டையும் சேர்த்து ஊற்றிவிடக் கூடாது, விஷவாயு கிளம்பும்.

கட்டிலிலிருந்து சேருக்கு மாற்றும் வேலையில்தான் விழுவதும் தோள் பிசகுவதும் நடக்கின்றன. அக்குளில் கை கொடுத்துத் தூக்குவதுதான் எல்லோரும் செய்வது, பக்கவாதத்தில் தளர்ந்துபோன தோளுக்கு அதைவிடக் கெடுதல் இல்லை. அந்தக் கையைப் பிடித்து இழுக்கவே கூடாது. கடையில் சேரோடு ஒரு இடுப்பு பெல்ட்டும் கேட்டு வாங்குங்கள், கைப்பிடி தைத்தது. உடுப்பின் மேல் இடுப்பில் கட்டி, இரண்டு விரல் நுழையும் அளவுக்கு இறுக்கினால் போதும். வயிற்றில் குழாய் போட்டிருந்தாலோ சமீபத்தில் ஆபரேஷன் நடந்திருந்தாலோ டாக்டரைக் கேட்காமல் கட்டக் கூடாது.

சேரை வலுவான பக்கத்தில், கட்டிலுக்குச் சற்றுச் சாய்வாக ஒட்டி நிறுத்த வேண்டும். சக்கரங்களைப் பூட்டி, கால்மிதியை மடக்கிவிடுங்கள். படுத்திருந்தவரை எழுப்பியதும் நிற்க வைக்காமல், கட்டில் ஓரத்தில் ஒன்றிரண்டு நிமிடம் உட்கார விடுங்கள். சட்டென்று எழுந்தால் ரத்த அழுத்தம் இறங்கித் தலை சுற்றும். பாதங்கள் முழங்காலுக்குச் சற்றுப் பின்னால் தள்ளியிருக்கட்டும், உடம்பை முன்னால் குனியச் சொல்லுங்கள். நிமிர்ந்து உட்கார்ந்தவரை அப்படியே தூக்கப் பார்ப்பதால்தான் பாரம் கூடுகிறது. நீங்கள் பலவீனமான பக்கம் நின்று, ஒரு கையால் பெல்ட்டைப் பிடித்து, தேவைப்பட்டால் உங்கள் முழங்காலால் அவருடைய முழங்காலுக்கு முட்டுக் கொடுங்கள்.

தொடுவதற்கு முன்னால் சொல்லுங்கள்: "அப்பா, இடுப்புல பெல்ட்டைப் பிடிச்சுக்கிறேன். நீங்க ஒண்ணு ரெண்டு மூணு எண்ணுங்க, மூணுல எந்திரிக்கலாம்." எண்ணுவது அவராக இருக்கட்டும். அவர் தயாராகும் வரை காத்திருந்த மாதிரியும் ஆகும், அவருடைய காலின் பலமும் சேர்ந்து வரும். திடீரென்று தூக்கினால் பயத்தில் உடம்பை விறைத்துக்கொள்வார், எதிர்ப்பக்கம் சாய்வார். அட்டெண்டர் வைத்திருக்கிறவர்கள் அவர் இதைச் செய்கிறாரா என்று கவனியுங்கள். பெரியவரின் தலைக்கு மேலாக வீட்டுக்காரரிடம் "இன்னிக்குப் போனாரா?" என்று கேட்கிறவர், அதே கேள்வியை அவரிடமே கேட்கப் பழக வேண்டும். "சமத்தா உக்காருங்க" போன்ற பாப்பா பேச்சும் வேண்டாம்.

துணி விஷயத்தில் ஒரே விதி: மூடிய பிறகுதான் அவிழ்ப்பது. மடியில் பெரிய துண்டைப் போட்டுவிட்டு, அதற்கு அடியில் வேட்டியைத் தளர்த்தலாம். வேட்டி இதற்கு ரொம்பவும் தோதான உடை. பெண்களுக்குப் புடவை சிரமம், முடிச்சு இறுகிய பாவாடை நாடாவோடு அவசரத்தில் போராட முடியாது. நாடாவை எடுத்துவிட்டு எலாஸ்டிக் கோத்துத் தருவார் தையல்காரர். நைட்டி போடப் பிடிக்காத பாட்டிமார் உண்டு, அவர்களை வற்புறுத்த வேண்டாம். பாவாடை, தளர்வான ரவிக்கை, மேலே ஒரு துண்டு போதும்.

டிவி பார்க்கட்டும் என்று நல்லெண்ணத்தோடுதான் ஹாலில் கட்டில் போடுகிறோம். கூடவே கமோட் சேரும் ஹாலுக்கு வந்துவிடுகிறது, வருகிறவர் போகிறவர் கண்ணில் முதலில் படுவது அதுதான். சேரை வேறு அறையில் வைத்து, தேவைப்படும்போது மட்டும் கொண்டுவரலாம். முடியாதென்றால் கட்டிலைச் சுற்றிக் கொடி கட்டித் தரை வரை தொங்கும் திரை போடுங்கள், சேரின் மேல் ஒரு துணி. உட்கார வைத்ததும் கைக்கெட்டும் இடத்தில் மணியோ போனோ கொடுத்துவிட்டு விலகி நில்லுங்கள். சரிந்துவிடுவார் என்ற பயம் இருந்தால் பின்னால் நின்று பெல்ட்டில் கை வைத்திருக்கலாம், பார்வை மட்டும் வேறு பக்கம் இருக்கட்டும். "ஆச்சா, ஆச்சா" என்று கேட்டுக்கொண்டே இருந்தால் வருவதும் நின்றுபோகும்.

நேரமும் உதவும். சாப்பிட்ட பிறகு குடல் தானாகவே வேகம் எடுக்கும் என்பதால், காலைப் பலகாரமும் சூடாக ஏதாவதும் உள்ளே போன அரை மணியில் உட்கார வைப்பது பலருக்குப் பலிக்கும். பதினைந்து நிமிடத்துக்கு மேல் வேண்டாம், துளை உள்ள இருக்கை புட்டத்துச் சதையை அழுத்திப் புண்ணாக்கும்.

உதவி கேட்கக் கூச்சப்பட்டுத் தண்ணீர் குடிப்பதைக் குறைத்துக்கொள்ளும் பெரியவர்கள் நிறையப் பேர். டம்ளரில் தண்ணீர் அப்படியே இருந்தால் அதைப் பிடிவாதம் என்று எண்ணிவிடாதீர்கள். மலச்சிக்கல், சிறுநீர்த் தொற்று, வயதானவர்களுக்குத் திடீரென்று வரும் மனக்குழப்பம் எல்லாம் இதன் பின்னால் வரக்கூடியவை. ஆண்களுக்கு மூடி போட்ட யூரின் பாட்டில் ஒன்றைக் கட்டில் சட்டத்தில் மாட்டி வைத்தால் பாதிப் பிரச்சினை தீரும், இரவில் யாரையும் எழுப்ப வேண்டியதில்லை. பெண்களுக்கான அகன்ற வாய்ப் பாட்டிலும் கிடைக்கிறது. ஓரத்தில் உட்கார்ந்தோ முதுகை நிமிர்த்தியோ இருந்தால்தான் அது சிந்தாது.

படுத்தபடியே போக இடுப்புக்கு அடியில் வைக்கும் பெட் பேன், உட்காரவே கூடாதவர்களுக்கானது. இடுப்பெலும்பு முறிந்தவருக்கு ஒரு முனை தட்டையாகச் சரியும் வகைதான் வாங்க வேண்டும். தட்டை முனை முதுகுப் பக்கம். எவர்சில்வர் பேனை வெந்நீரில் அலசித் துடைத்துவிட்டு வையுங்கள், சில்லென்று பட்டால் உடம்பு இறுகும். டாக்டர் தடுக்கவில்லையென்றால் தலைப்பக்கத்தை உயர்த்திவிடுங்கள், படுத்தபடி யாராலும் சரியாகப் போக முடியாது.

டயப்பருக்கும் இடம் உண்டு. வருவதே தெரியாதவருக்கும், பேதியாகும் நாளிலும், நீண்ட பயணத்திலும் அதைத் தவிர்க்க முடியாது. இடுப்புச் சுற்றளவை அளந்து, பொட்டலத்தில் அச்சிட்ட அளவோடு பொருத்தி வாங்குங்கள். தாராளமாக இருக்கட்டும் என்று பெரிய அளவு எடுத்தால் தொடை இடுக்கில் ஒழுகும். மலம் பட்டால் அந்த நிமிடமே மாற்ற வேண்டும், மற்ற நேரத்தில் இரண்டு மூன்று மணிக்கு ஒருமுறை பார்க்க வேண்டும். கழிப்பறைக்குப் போகக் கேட்கிறவரிடம் "டயப்பர் போட்டிருக்குல்ல, அதுலயே போங்க" என்று சொல்வதுதான் இந்த வேலையிலேயே மோசமான வாக்கியம். சில வாரம் அப்படிப் பழகிவிட்டால் அடக்கும் பழக்கமும் போய்விடும், நன்றாக இருந்தவரும் நிரந்தரமாக டயப்பரோடுதான். செலவுக் கணக்கும் பார்க்கலாம். ஒன்று 35 ரூபாய், நாளைக்கு 3 என்று வைத்தாலே மாதம் 3,150 ரூபாய். ஏறக்குறைய அந்தப் பணத்துக்குச் சாதாரண நாலு கால் கமோட் சேர் வந்துவிடும்.

எந்த உலோகம் என்பதும் கேட்க வேண்டியதே. குரோம் பூசிய இரும்பு பளபளக்கும், ஆனால் குளியலறைக்குள் போகும் சேருக்கு அது ஆகாது. போர் தண்ணீர் உப்பாக இருந்தால் வெல்டிங் மூட்டுகளில் முதலில் துரு பிடிக்கும், அப்புறம் சக்கரத்தின் பேரிங் இறுகும். அலுமினியமோ ஸ்டெயின்லெஸ் ஸ்டீலோ வாங்குங்கள். ரெக்ஸின் குஷன் இருக்கையின் தையலுக்குள் சிறுநீர் இறங்கி, என்ன கழுவினாலும் வாடை போகாது, தையல் இல்லாத வார்ப்பு இருக்கைதான் சரி. பிரேக் நாலு சக்கரத்திலும் இருப்பது நல்லது. ஈரத் தரையில் பூட்டிய சக்கரமும் வழுக்கும் என்பதால், ஆளை ஏற்றி இறக்குவதைக் கட்டிலருகே காய்ந்த தரையில் வைத்துக்கொள்ளுங்கள்.

கால் முறிவு மாதிரி இரண்டு மூன்று மாதத் தேவைக்கு வாடகைக்கும் கிடைக்கும். இருக்கையும் பக்கெட்டும் மட்டும் புதிதாகக் கேட்டு வாங்குங்கள்.

வாங்க வசதியில்லாத மூத்த குடிமக்களுக்கு மத்திய அரசின் ராஷ்ட்ரிய வயோஸ்ரீ யோஜனா இருக்கிறது. 2017 ஏப்ரலில் தொடங்கிய இந்தத் திட்டத்தில் வீல்சேர், வாக்கர் போன்றவை இலவசம், பட்டியலில் கமோட் உள்ள நாற்காலிகளும் பின்னர் சேர்ந்தன. கான்பூரில் 1972இல் தொடங்கப்பட்ட அரசு நிறுவனமான அலிம்கோதான் முகாம் நடத்தி, ஆளைப் பரிசோதித்துக் கொடுக்கிறது. தமிழ்நாட்டில் 2021 ஆகஸ்டில் ஆரம்பித்த மக்களைத் தேடி மருத்துவத்தில் இயன்முறை மருத்துவரும் வலிநிவாரண நர்ஸும் வீட்டுக்கே வருகிறார்கள். ஆரம்ப சுகாதார நிலையத்தில் சொல்லி வைத்தால், அவர்கள் வரும் நாளில் கட்டிலிலிருந்து சேருக்கு மாற்றும் முறையை அந்த வீட்டு அறையிலேயே, அந்தச் சேரிலேயே செய்து காட்டச் சொல்லலாம். முகாமுக்குப் போகும்போது ஆதார், வருமானச் சான்றோடு குளியலறைக் கதவின் அளவையும் முழங்கால் உயரத்தையும் ஒரு தாளில் எழுதி எடுத்துப் போங்கள்.